பதினேழு அடி மௌனம்

கத்பர்ட் ஹோல்டனின் மௌனம் பதினேழு அடி நீளம் இருந்தது. சினிமாக் கம்பெனிகள் நிறைந்த லண்டன் வார்டர் தெருவில் நாங்கள் எதையும் பிலிமின் அடிக்கணக்கில்தான் அளப்போம். முத்தத்துக்கு ஆறு அடி போதும். மகாராணி கையசைத்தால் எட்டு அடி கொடுக்க வேண்டும், குறைத்தால் கண்டித்துக் கடிதம் வரும். அந்தக் கணக்கில் பதினேழு அடி மௌனம் சற்று அதிகம்தான், ஆனால் கேள்விப்படாதது அல்ல. 1956 நவம்பரில், ஹெரான் செய்திப்படக் கம்பெனியின் மூன்றாவது மாடி அறையில், மேவிஸ் ஆஷ்வர்த் அதை ஒரு படச்சுருளிலிருந்து வெட்டி எடுத்து, வெட்டிய துண்டுகளைத் தொங்கவிடும் துணிக்கூடைக்கு மேலே இருந்த கொக்கியில் மாட்டினாள். மாட்டியதும் அறையில் சத்தம் நின்றுபோயிற்று. ஜன்னலில் மழை அடித்தது, கேட்கவில்லை. மேஜைமேல் இருந்த தொலைபேசி, மணியடிக்க வேண்டிய நேரத்தில் குளிர்காய்ச்சல் கண்டதுபோல் நடுங்கியது. மேவிஸ் அதை எடுத்து, "கொஞ்சம் இரைஞ்சு பேசுங்க" என்றாள். தான் சொன்னது தனக்கே கேட்காததால் வைத்துவிட்டு அடுத்த சுருளை எடுத்தாள்.

மேவிஸ் அப்போதே பதினைந்து வருஷம் பிலிம் வெட்டியவள். யுத்தத்துக்கு ஆண்கள் போனபோது காலியான முக்காலிகளில் பெண்களை உட்காரவைத்தார்கள். யுத்தம் முடிந்து ஆண்கள் திரும்பியதும், வந்த வழியே போங்கள் என்று எழுப்பிவிட்டார்கள். மேவிஸை மட்டும் எழுப்ப முடியவில்லை. அவள் ஒட்டிய இடத்தை ஒருவராலும் கண்டுபிடிக்க முடியாது என்பதுதான் காரணம். வெள்ளைப் பருத்திக் கையுறையும் காதில் செருகிய மஞ்சள் மெழுகுப் பென்சிலுமாக அவள் பிலிமை ஓட்டிப் பார்த்து வெட்டும் மூவியோலா இயந்திரத்தின் முன் உட்கார்ந்தால், கிடப்பது எவ்வளவு குப்பையானாலும் மாலைக்குள் படமாகிவிடும். எடிட்டர் என்று திரையில் வரும் பெயர் என்னவோ தயாரிப்பாளர் ஜெரால்ட் பெரிங்டனின் மைத்துனனுடையது. அந்த மைத்துனன் கத்தரிக்கோலைத் தொட்டது நகம் வெட்டத்தான். மேவிஸிடம் ஒரே ஒரு கோளாறு உண்டு, அது எங்கள் தெருவுக்கே உள்ள கோளாறு. பேசுகிறவன் மூச்சு வாங்கினால் வெட்டுவாள். "அது வந்து" என்று இழுத்தால் வெட்டுவாள். பேச்சில்லாத இடம் வந்தால் எத்தனை அடி என்று பார்ப்பாளே தவிர, உள்ளே என்ன இருக்கிறது என்று காது கொடுக்க மாட்டாள். கசாப்புக்காரன்கூட வெட்டுவதற்கு முன் ஒருமுறை தொட்டுப் பார்ப்பான். நாங்கள் பார்ப்பதில்லை.

ஹோல்டனுக்கு லங்காஷயரில் ஹெப்டேல் என்ற ஊரில் சாயப்பட்டறை. பட்டறைக்குத் தண்ணீர் தர மேட்டில் ஓர் அணை கட்டியிருந்தார் அவர் அப்பா. அதில் விரிசல் விட்டிருப்பதை அணைக் காவல்காரர் நேரிலேயே கூட்டிப்போய்க் காட்டினார். கிறிஸ்துமஸ் கழியட்டும் என்றார் ஹோல்டன். அணை கிறிஸ்துமஸ் வரைக்கும் காத்திருக்கவில்லை. அக்டோபரில் ஒரு காலை அது உடைந்து கீழ்த்தெருவை வழித்துக்கொண்டு போயிற்று. முப்பத்தெட்டுப் பேர் செத்தார்கள். டாட்டி கிளெக் என்ற நெசவாலைக்காரி விடியற்காலை வேலைக்குப் போயிருந்ததால் பிழைத்தாள். அவள் ஓடிவந்தபோது, புருஷன் வால்டரும் மகள் ஜீனும் ரொட்டி தின்ன உட்கார்ந்திருந்த வீடு இருந்த இடத்தில் முழங்காலளவு சேறு கிடந்தது. பட்டறைச் சாயம் கலந்து அந்தச் சேறு நல்ல நீலமாக இருந்தது.

ஹெரான் கம்பெனியிலிருந்து இரண்டு கேமராக்கள் போயின. பெரியது, மைக்கோடு சேர்ந்தது, ஹோல்டனின் முன்னால் நின்றது. கையில் பிடிக்கிற சின்னது, ஒலி இல்லாதது, கூட்டத்தின் முகங்களை எடுத்தது. பட்டறை முற்றத்தில் ஊரே கூடியிருந்தது. நிருபர் கேட்டார்: "அணையில விரிசல் இருக்குன்னு இதுக்கு முன்னாடி யாராவது உங்ககிட்ட சொன்னாங்களா?" ஹோல்டன் வாயைத் திறந்தார். மூடினார். தொப்பியின் விளிம்பைத் தடவினார். மேட்டைப் பார்த்தார். மௌனம் சம்மதத்துக்கு அறிகுறி என்பார்கள். அந்தச் சம்மதத்தை நீலச் சேற்றில் நின்ற அத்தனை பேரும் கண்ணால் கண்டார்கள். அந்த நேரத்தில் சர்ச்சுக் காவலாளி ஆல்பர்ட் தேநீர் வண்டியைத் தள்ளிக்கொண்டு கூட்டத்துக்குள் வந்தார். டாட்டியின் கையில் கோப்பையைக் கொடுத்து, சர்க்கரை போடவா என்று கேட்டார். அவள் ஹோல்டனின் முகத்திலிருந்து கண்ணை எடுக்காமல் மெல்லத் தலையசைத்தாள். சின்னக் கேமரா அதை எடுத்துக்கொண்டது. அதற்கப்புறம்தான் ஹோல்டன், "இல்லை" என்றார்.

பெரிங்டன் மேவிஸின் தோளுக்குப் பின்னால் நின்று இதைப் பார்த்தார். அவரும் ஹோல்டனும் ஒரே பள்ளிக்கூடம், ஒரே கிளப். ஆனால் அதைச் சொல்லவேண்டிய அவசியமே அவருக்கு ஏற்படவில்லை. "தொய்வா இருக்கு மேவிஸ், கொஞ்சம் இறுக்கிக் குடும்மா" என்றார். அவ்வளவுதான். ஓர் ஊரையே கொலை செய்ததை மறைக்க எங்கள் தொழிலில் இதற்குமேல் பேசத் தேவையில்லை. மேவிஸ் மௌனத்தை வெட்டினாள். வெட்டி ஒட்டினால் ஹோல்டனின் தொப்பி திரையில் துள்ளும். துள்ளலை மறைக்க இன்னொரு முகம் வேண்டும். ஒலியில்லாத துண்டுகளில் தேடினாள். கண் குழிந்து, தலையில் முக்காடிட்டு, மெல்லத் தலையசைக்கும் ஒரு பெண் கிடைத்தாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க முடியாது என்பார்கள். மேவிஸ் மறைத்தாள். இப்போது நிருபர் கேட்டு முடிப்பதற்குள் ஹோல்டன் "இல்லை" என்பார். அந்தச் சொல் டாட்டி கிளெக்கின் முகத்தின் மேல் ஒலிக்கும். ஆமாம், அவருக்குத் தெரியாதுதான் என்பதுபோல் டாட்டி தலையசைப்பாள். "பிரமாதம், தையலே தெரியல" என்றார் பெரிங்டன். விசாரணைக் குழுவும் அந்தப் படத்தைப் பார்த்தது. செத்தவனின் பெண்டாட்டியே ஒத்துக்கொள்ளும்போது நாம் யார் என்று, கடவுள் செயல் என எழுதி மூடினார்கள். ஏதாவது பெரிய மனிதன் தப்பிக்க வேண்டுமென்றால் கடவுளை இழுப்பதில் இந்த நாட்டுக்கு நல்ல பழக்கம் உண்டு.

ஹெப்டேலின் எம்பயர் தியேட்டரில் படம் ஓடியபோது ஊர் ஹோல்டனைப் பார்த்து ஆச்சரியப்படவில்லை. முதலாளி பொய் சொல்வான் என்பது அவர்களுக்குப் பழகிப்போனது. டாட்டியின் தலையசைப்பைத்தான் அவர்களால் பொறுக்க முடியவில்லை. பழி ஓரிடம், பாவம் ஓரிடம்.

"எவ்வளவு குடுத்தான் ஹோல்டன்?" என்று கேட்டாள் வீடு போன டாட்டி குடியேறியிருந்த மேல்தெருவின் பக்கத்து வீட்டு நெல்லி.

"சர்க்கரைக்குத் தலையாட்டினேன்டி! ஆல்பர்ட்டையே கேளு!"

ஆல்பர்ட்டைக் கேட்டார்கள். "நூறு பேருக்கு ஊத்தினவன்மா நான். யார்கிட்ட சர்க்கரை கேட்டேன்னு எனக்கெப்படி ஞாபகம் இருக்கும்?" என்றார் அவர், பாவம், உண்மையைத்தான் சொன்னார். ஹெப்டேலில் பெண்கள் காலையில் மண்டியிட்டு வாசற்படியைக் கல்லால் தேய்த்து வெளுப்பாக்குவார்கள். அண்டைக்காரி ஒரு நாள் முடியாமல் படுத்தால், தன் படியோடு அவள் படிக்கும் நாலு தேய்ப்பு தேய்த்துவிடுவது வழக்கம். அந்தக் குளிர்காலத்தில் டாட்டி ஒரு வாரம் காய்ச்சலில் கிடந்தாள். தெரு முழுக்கப் படிகள் வெளுத்திருந்தன. அவள் படி மட்டும் கறுத்துக் கிடந்தது. நெல்லியின் கல் எல்லைக்கோட்டில் கத்தி வைத்ததுபோல் நின்றிருந்தது. கணவனையும் மகளையும் சாகக் கொடுத்தவளுக்கு ஊர் செய்த மரியாதை அது. அன்று முதல் அவளுக்கு ஹோல்டன் தூக்கில் தொங்குவதுகூட இரண்டாம் பட்சம்தான். தான் தலையாட்டவில்லை என்று இந்தத் தெரு ஒத்துக்கொள்ள வேண்டும்.

இதற்கிடையில் வார்டர் தெருவில் அந்த மௌனம் வேலைக்குப் போக ஆரம்பித்தது. ஒலிப்பட்டையில் ஒன்றுமே இல்லாவிட்டால் அது மௌனம் ஆகாது. ஒலிபெருக்கி கெட்டுவிட்டதென்று ஜனங்கள் சீழ்க்கை அடிப்பார்கள். ஆகவே மிஞ்சிய நல்ல மௌனத்தை எந்த எடிட்டரும் எறிய மாட்டார், இடைவெளிகளை அடைக்க எடுத்துவைப்பார். பக்கத்து அறை சிரில், மேவிஸின் கொக்கியிலிருந்து மூன்றடியைப் பிரதி எடுத்துக்கொண்டுபோய் ஒரு பிஸ்கட் விளம்பரத்தில், பாதிரியார் மனைவி பிஸ்கட்டைக் கடித்துக் கண்ணை மூடும் இடத்தில் போட்டார். விளம்பரம் நாரிச்சில் ஓடியபோது அரங்கம் முழுவதும் மூச்சைப் பிடித்துக்கொண்டது. பிறகு ஒரு பல் வைத்தியர் எழுந்து நின்று, தான் காசுக்காகப் பிடுங்கிய நல்ல பற்களை, யார் வாயில் எந்தப் பல் என்று வரிசையாகச் சொன்னார். லீட்ஸில் ஒரு நகராட்சி உறுப்பினர் பள்ளிக்கூடக் கூரையைப் பற்றிச் சொல்லத் தொடங்கி, விளக்கு போட்ட பிறகும் நிறுத்தவில்லை. பிஸ்கட் விற்பனை குறையாததால் கம்பெனி இதைப் பெரிதுபடுத்தவில்லை.

எம்பயரில் கால் வைக்க முடியாத டாட்டி, பஸ் ஏறிப் பக்கத்து ஊரில் படம் பார்த்துவந்தாள். அங்கே ஒரு சனிக்கிழமை பிஸ்கட் விளம்பரம் வந்தது. பாதிரியார் மனைவி கண்ணை மூடினாள். கழன்ற தகரம் ஒன்று மெல்லத் தட்டுவதும், சுவரிலிருந்து தண்ணீர் சொட்டுவதும் டாட்டிக்குக் கேட்டது. ஒவ்வோர் இடத்தின் மௌனமும் வேறு. இது எங்கள் தெருவுக்குத் தொழிலால் தெரியும், அவளுக்கு அங்கே நின்றதால் தெரியும். அது சாயப்பட்டறைக் கூரையின் தகரம். மறு வாரம் பிஸ்கட் கம்பெனியில் போய்ச் சண்டை போட்டாள்; அவர்கள் விளம்பரக் கம்பெனியைக் காட்ட, அவர்கள் சிரிலைக் காட்ட, சிரில் பயந்துபோய் மேவிஸின் கதவைக் காட்டினார். அறைக்குள் பேச்சு எடுபடாது என்பதால் இருவரும் நடைவழியில் நின்றார்கள்.

"என் மூஞ்சிய வெட்டி ஒட்டினது நீதானா?"

"நான்தான். உக்காருங்க மிஸஸ் கிளெக்."

"உக்கார வரல. அந்தாளு வாய மூடிக்கிட்டு நின்னானே, அந்த நேரம் எங்க?"

"உள்ள தொங்குது."

"தொங்குதா! துவைச்ச துணி மாதிரி சொல்றியே. அது எங்க ஊரு சொத்து, கண்ணு. அத வெச்சு பிஸ்கட்டு விக்கிறீங்க, வெக்கமா இல்ல?"

"தொழில்ல இடைவெளிய வெட்டுறது வழக்கம்தான்—"

"நான் சர்க்கரைக்குத் தலையாட்டினேன்" என்றாள் டாட்டி. "ஒரு கரண்டி சர்க்கரை. அதுக்காக என் புருஷனையும் புள்ளையையும் வித்துட்டேன்னு ஊரு சொல்லுது. போய்க் கேளு. நீ வெட்டினதுக்குள்ள என்ன இருக்குன்னு ஒரு தடவையாவது கேட்டியா?"

மேவிஸ் கேட்டதில்லை. உள்ளே போய் அந்தத் துண்டை மூவியோலாவில் ஏற்றி, வாழ்க்கையில் முதல் தடவையாக, தான் வெட்டிய ஒன்றைக் காது கொடுத்துக் கேட்டாள். தகரம் தட்டியது. தண்ணீர் சொட்டியது. தூரத்தில் ஒரு கிழவரின் குரல், "சர்க்கரை போடவா கண்ணு?" என்றது. பிறகு கோப்பைக்குள் கரண்டி சுற்றும் சத்தம். அவ்வளவு நேரமும் ஹோல்டன் வாயைத் திறந்தபடி நின்றுகொண்டிருந்தார். மேவிஸுக்கு வந்தது அழுகை அல்ல, ஆத்திரம். தன் கைமேல் ஆத்திரம், அந்தக் கையைப் பாராட்டியவர்மேல் அதைவிட ஆத்திரம். கையுறையைக்கூடக் கழற்றாமல் பெரிங்டனின் அறைக்குப் போனாள்.

"படத்தைத் திருப்பி வாங்கணும். அந்த இடத்தைச் சேர்க்கணும்."

"வெளியான படத்தையா? ஒரு மௌனத்துக்குப் போயா இவ்வளவு சத்தம்?" என்று சிரித்தார் பெரிங்டன். "அது வெறும் தொய்வும்மா."

"தொய்வு இல்ல. அந்தாளு சொன்ன பதிலே அதுதான். அதுக்கப்புறம் சொன்னதுதான் தொய்வு."

"பொம்பளைங்கள எடிட்டிங்ல வெச்சா இதான். போ, போய் முகம் கழுவிட்டு வேலையப் பாரு."

மேவிஸ் இரண்டு கையுறைகளையும் கழற்றி அவருடைய தேநீருக்குள் அமுக்கிவிட்டு வெளியே வந்தாள். பதினைந்து வருஷ உத்தியோகம் அத்துடன் முடிந்தது. கம்பெனியின் படப்பிரதியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டாள். பிலிம் அச்சடிக்கும் லேபில் இருந்த ஒரு சிநேகிதி மௌனத்தின் படத்தையும் ஒலியையும் ஒரே பட்டையில் அச்சடித்துக் கொடுத்தாள். அதைத் தகர டப்பாவில் போட்டு, டாட்டியோடு வடக்கே ரயிலேறினாள். வழி முழுவதும் எஞ்சின் சத்தமில்லாமல் ஓடியது. ஒரு கைக்குழந்தை மூன்று ஸ்டேஷன் தூரம் வீறிட்டு அழுதும் பெட்டியில் ஒருவரும் விழிக்கவில்லை.

எம்பயரின் மேலாளர் அக்காவைக் கீழ்த்தெருவில் இழந்தவர். ஒரு கேள்வியும் கேட்காமல் சாவியைக் கொடுத்தார். புரொஜெக்டர் அறையில் நின்றபடியே மேவிஸ் தன் ஒட்டைப் பிரித்து, மௌனத்தை அதன் இடத்தில் வைத்தாள். டாட்டியின் முகத்தை எடுத்து, ஆல்பர்ட்டின் குரல் முடியும் இடத்தில், அது நிஜமாக நடந்த இடத்தில் சேர்த்தாள். வேண்டுமென்றே கோணலாக ஒட்டினாள். "தையல் தெரியட்டும்" என்றாள்.

சனிக்கிழமை மதியக் காட்சிக்கு ஊர் வந்தது, டாட்டியை ஏசுவதற்கென்றே சிலர் வந்தார்கள். நிருபர் கேட்டார். திரை ஒருமுறை வெள்ளையாகத் துள்ளியது. ஹோல்டன் வாயைத் திறந்தார். தகரம் தட்டியது, கீழ்த்தெருவின் தண்ணீர் சொட்டியது, அழுதவர்கள் அழுகையை நிறுத்திக் கேட்டார்கள். "சர்க்கரை போடவா கண்ணு?" என்றது குரல். டாட்டி தலையசைத்தாள். கரண்டி சுற்றியது. மூன்றாவது வரிசையில் ஆல்பர்ட் எழுந்து, தொப்பியைக் கழற்றிக்கொண்டு, "அட, நான்தான்யா அது" என்றார். நெல்லி முழங்கையால் முகத்தை மறைத்துக்கொண்டாள். பிறகு எல்லோரும் ஹோல்டனின் "இல்லை"க்காகக் காத்திருந்தார்கள். அது வரவில்லை. பதினேழு அடி ஓடி முடிந்தது, இன்னொரு பதினேழு அடியும் ஓடியது, ஹோல்டன் தொப்பியைத் தடவிக்கொண்டு நின்றார். ஆபரேட்டர் சக்கரத்தைப் பார்த்தார்: பிலிம் ஓடிக்கொண்டே இருந்தது, சுருள் குறையவில்லை. சிலர் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டுவிட்டு வந்தார்கள். அவர் இன்னும் நின்றுகொண்டிருந்தார்.

அதே மதியம் மேட்டு வீட்டில் வேலைக்காரி ஹோல்டனிடம், ஜாம் வேண்டுமா என்று கேட்டாள். அவர் வாயைத் திறந்தார், மூடினார், தலையைத் தடவினார். அதற்குப் பிறகு சாகும்வரை அவர் எந்தக் கேள்விக்கும் பதில் சொல்லவில்லை. இரண்டு வருஷத்தில் அவருக்கு சர் பட்டம் கொடுத்தார்கள். நன்றி சொல்ல வாய் வராமல் நின்றதைப் பத்திரிகைகள் அடக்கம் என்று எழுதின. விசாரணையை யாரும் மறுபடி திறக்கவில்லை. பெரிங்டன் நல்ல பென்ஷனோடு ஓய்வு பெற்றார். இதையெல்லாம் எழுதும்போது என் பல் கடிபடுகிறது, ஆனால் நடந்தது இதுதான்.

ஞாயிற்றுக்கிழமை காலை டாட்டியின் வாசற்படி பளிச்சென்று வெளுத்திருந்தது. தேய்த்தது யாரென்று ஒருவரும் சொல்லவில்லை, மன்னிப்பும் கேட்கவில்லை. டாட்டி கொல்லைக்குப் போய்ச் செருப்பில் சேற்றை அப்பிக்கொண்டு வந்து, ஈரம் காயுமுன் அந்தப் படியின் மேல் நடந்து போனாள். மறுநாளும் தேய்த்திருந்தார்கள், மறுநாளும் மிதித்தாள். வசந்தம் வந்த பிறகுதான் ஒரு காலை, போனால் போகிறது என்று படியை மிதிக்காமல் தாண்டிப் போனாள்.

மேவிஸை வார்டர் தெருவில் சில வருஷம் யாரும் சேர்க்கவில்லை. பிறகு சின்னக் கம்பெனி ஒன்று சேர்த்தது, அப்புறம் பெரியவை தேடிவந்தன. அடுத்த முப்பது வருஷம் அவள் பெயர் திரையில் தனியாக வந்தது. அவள் வெட்டிய படங்களில் ஒட்டு எங்கே இருக்கிறதென்று யாருக்கும் தெரியும். ஒரு பேச்சற்ற இடத்தை அதன் கடைசி அடி வரை கேட்காமல் அவள் பிறகு தொட்டதில்லை. இதனால் அவள் படங்கள் எல்லாம் நீளம் என்று புகார் உண்டு.

எம்பயர் இப்போது எண் கூப்பிட்டுத் தம்போலா ஆடும் கூடம். மின்சாரக் கட்டணம் கட்டாததால் ஒரு தடவை இணைப்பைத் துண்டித்தபோதும் திரை அணையவில்லை. புரொஜெக்டரைப் பழைய இரும்புக்குப் போட்டபோதும் அணையவில்லை. ஹோல்டன் இறந்து வருஷங்களாயின, திரையில் மட்டும் வாயைத் திறந்தபடி நிற்கிறார். எண் கூப்பிடுகிறவர் அவருக்கு முன்னால் நின்றுகொண்டு கூப்பிடுகிறார், யாருக்கும் இடைஞ்சல் இல்லை. வியாழக்கிழமைதோறும் டாட்டி கிளெக் பின்னல் வேலையோடு வந்து முன்வரிசையில் உட்காருவாள். அங்கே தேநீர் கொடுக்கப் புதிதாகச் சேர்ந்த பெண், திரையைக் காட்டி, "பதில் சொல்லிட்டாராம்மா?" என்று கேட்டாள்.

"இன்னும் இல்ல கண்ணு."

"சர்க்கரை போடவா?"

டாட்டி பின்னல் ஊசியைக் கீழே வைத்தாள். தலையை அசைக்கவில்லை, அந்தப் படத்துக்குப் பிறகு எந்தக் கேள்விக்கும் அவள் தலையசைத்ததில்லை. நிமிர்ந்து உட்கார்ந்து, கடைசி வரிசைவரை கேட்கும்படி, "ஒரு கரண்டி" என்றாள்.